பற்ற வைப்பவனின் பதில்

அன்பு மனைவி அறிய,

நான் நலம். நீயும் மகளும் எப்படி இருக்கிறீர்கள்? அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்ததா? கையெழுத்து வேறாக இருக்கிறதே என்று பதறாதே. நான் சொல்லச் சொல்ல, என் அறையில் தங்கியிருக்கும் எலக்ட்ரீஷியன் அண்ணன் எழுதுகிறார்.

நெருப்பு மூட்டுவதையும் இரும்போடு இரும்பை இணைப்பதையும் ஏன் ‘பற்ற வைப்பது’ என்றே சொல்கிறோம் என்று மகள் போன கடிதத்தில் கேட்டிருந்தாளே, அதையே யோசித்துக்கொண்டு, முகமூடியை இறக்க மறந்து வெல்டிங்கைத் தொடங்கிவிட்டேன். பத்தொன்பது வருஷ வேலைக்காரன்! அந்த வெளிச்சம் பட்டு, சாயங்காலம் கண்ணில் மணலைக் கொட்டியதுபோல் இருந்தது. இரண்டு நாளைக்குக் கண்ணில் கட்டு, அவ்வளவுதான். “பொண்ணுக்குப் பதில் சொல்ல கண்ணையே குடுத்துடுவியா?” என்று அண்ணன் திட்டினார். அவர்தான் கையைப் பிடித்துக் குளியலறைக்குக் கூட்டிப்போகிறார்.

மகளிடம் சொல்: பற்றுவது என்றால் விடாமல் பிடித்துக்கொள்வது. தீ விறகைப் பிடித்துக்கொள்கிறது. உருகிய இரும்பு பக்கத்து இரும்பைப் பிடித்துக்கொள்கிறது. அப்படிப் பிடிக்க வைப்பதுதான் அப்பாவின் வேலை. பாசத்தையும் பற்று என்றுதான் சொல்கிறோம்.

அவள் பாடம் படிப்பதைப் போனில் பதிந்து அனுப்பு. நீயும் ஏதாவது பேசு, காய்கறி விலையானாலும் சரி. உன்னிடம் சொல்ல நிறைய இருக்கிறது, இன்னொருவர் கையால் எழுத வரவில்லை. அண்ணனுக்கும் வேலைக்கு நேரமாகிவிட்டது.

இந்தக் கடைசி வரிகளை மட்டும் கண்கட்டோடு நானே எழுதுகிறேன். எழுத்து கோணலாகத்தான் இருக்கும். விரல் வைத்துப் படி.