தண்டவாளத்தில் உட்கார்ந்தவர்கள்

தியான்குரே, கினி
மார்ச் 3

பிந்தாவின் அப்பாவுக்கு,

பிந்தாவுக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது. நீங்கள் கொடுத்தனுப்பிய சோப்பும் சர்க்கரையும் வந்தன, கடிதம்தான் இல்லை.

ஊற்றுத் தண்ணீர் செக்கச்செவேலென்று வருகிறது. பாக்சைட் சுரங்கத் தூசி படிந்து முந்திரிப் பூ கருகிவிட்டது. ராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது, இனி நம்மைக் கேட்டுத்தான் தோண்டுவார்கள் என்று கைதட்டினோம். பழைய கம்பெனி போய் வேறொரு நாட்டுக் கம்பெனி வந்தது. பலகையில் கொடி மாறியது, லாரிகள் அதேதான். கையெழுத்தெல்லாம் தலைநகரிலேயே போட்டாயிற்றாம்.

அடுத்த வியாழக்கிழமை பெண்கள் எல்லோரும் கம்பெனி மண்ணை ஏற்றிப் போகும் ரயில் பாதையில் உட்காரப் போகிறோம். உங்கள் படையைத்தான் அனுப்புவார்கள். எப்படியாவது விடுப்பு எடுத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
மஹாவா


முகாம்
மார்ச் 7

அன்புள்ள மஹாவா,

விடுப்புக் கேட்டேன், கிடைக்கவில்லை. "வெளியாளுங்கதான் ஜனங்களைத் தூண்டி விடுறாங்க" என்று கேப்டன் சொன்னார். என் வீட்டுக்காரியே அங்கே உட்காரப் போகிறாள் என்றேன். "அப்படின்னா நீ முன்வரிசையில நில்லு" என்றார்.

ரயில் மூன்று நாள் நின்றால் கம்பெனி நாட்டை விட்டே கிளம்பிவிடுமாம். கம்பெனிக்கு அமைச்சர் பயப்படுகிறார், அமைச்சருக்குக் கேப்டன், கேப்டனுக்கு நாங்கள். நீ போகாதே.

உன்,
ஃபசினே


தியான்குரே
மார்ச் 15

பிந்தாவின் அப்பாவுக்கு,

போனேன். ஹெல்மெட் போட்டிருந்தும் நீங்கள் நிற்கிற விதத்திலேயே அடையாளம் தெரிந்தது. "உங்க தலைவி யாரும்மா?" என்று கேப்டன் கேட்டார். "இந்தத் தண்ணியக் குடிக்கிறவங்க எல்லாரும்தான்" என்றாள் பக்கத்து வீட்டுத் தெனின்.

அவ்வளவுதான், கண்ணீர்ப்புகை வீசினார்கள், தடியோடு பாய்ந்தார்கள். நான் கண்ணைத் திறந்தபோது தெனினின் வலது கை முறிந்து தொங்கியது.

அந்தத் தடி யாருடையது? ஒருமுறைதான் கேட்பேன்.

மஹாவா


முகாம்
மார்ச் 24

மஹாவா,

என்னுடையது. புகையில் முகம் தெரியவில்லை. தெரிந்திருந்தால் வேறொருத்தியை அடித்திருப்பேன். அதுதான் என்னைத் தூங்க விடவில்லை.

விசாரணைக்கு ஆட்கள் வந்தார்கள். "யாரும் அடிக்கல, அவங்களா விழுந்தாங்க" என்று மற்றவர்கள் எழுதிக் கொடுத்தார்கள். நான் என் பெயரை எழுதினேன், கட்டளையிட்டவர் பெயரையும் சேர்த்து. சீருடையை வாங்கிக்கொண்டார்கள். நாளை முதல் காவலில் இருப்பேன். பிந்தாவிடம் நீயே சொல்லிவிடு.

ஃபசினே


தியான்குரே
ஏப்ரல் 9

பிந்தாவின் அப்பாவுக்கு,

ரயில் ஓடுகிறது. கம்பெனி வாரம் இரண்டு முறை டேங்கரில் தண்ணீர் அனுப்புகிறது. முதல் நாள் வந்து படம் பிடித்துக்கொண்டு போனார்கள்.

உங்கள் கடிதத்தைத் தெனினுக்குப் படித்துக் காட்டினேன். இன்னொரு தடவை படிக்கச் சொன்னாள். பிறகு, "வெளிய விட்டதும் இங்க வரச் சொல்லு. மழைக்கு முன்னாடி என் வயலக் கொத்தணும், எனக்குக் கையத் தூக்க வரல" என்றாள்.

அவள் சொன்னதை எழுதிவிட்டேன். நான் என்ன சொல்வதென்று இன்னும் தெரியவில்லை. முதலில் அவள் வயல் வேலை முடியட்டும்.

மஹாவா