குறை சொல்லத் தெரிந்த மருமகள்

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே எல்லோரும் நலம். நீ நலமா என்று கேட்டால் "எனக்கென்ன" என்பாய், அதனால் கேட்கவில்லை. அங்கே குளிர் விட்டதா என்று மட்டும் எழுது.

போன் இருக்க எதற்குக் கடிதம் என்று யோசிப்பாய். அம்மா ஸ்பீக்கரில் போடாமல் பேசமாட்டாள். உன் பக்கமோ ஒரே அறையில் ஆறு பேர். நம் குடும்பத்தில் ரகசியம் என்று ஒன்று இருந்தால் தபாலில்தான் அனுப்ப வேண்டியிருக்கிறது.

முதலில் வீட்டு விஷயம். குழாயில் தண்ணீர் இப்போது விடிவதற்கு முன்பே வந்துவிட்டுப் போய்விடுகிறது. அம்மாவுக்கு மூட்டு வலி என்பதால் நான்தான் பிடிக்கிறேன். பிறகு சமையல், பிறகு பஸ், இறங்கி இன்னொரு பஸ். சாயங்காலம் வந்ததும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடம். ஞாயிற்றுக்கிழமை தூங்கலாம் என்று பார்த்தால் ஒரு வாரத் துணி என்னைப் பார்க்கிறது. பஸ்ஸில் கம்பியைப் பிடித்தபடி நின்றுகொண்டே தூங்கக் கற்றுக்கொண்டுவிட்டேன். என் நிறுத்தம் வந்தால் கண்டக்டரே கம்பியைத் தட்டி எழுப்பிவிடுகிறார்.

வேலை எப்படியோ ஓடுகிறது. நம் வீட்டில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். வாங்கிவிட்டு என்ன செய்கிறேன் என்றால், அடுத்தவர் மெத்தையில் என்ன கோளாறு என்று கேட்டுப் பதில் எழுதுகிறேன். அம்மா தெருவில் "ஆபீசர்" என்று சொல்லிவைத்திருக்கிறாள். எங்கள் கம்பெனியில் மெத்தைக்கு ஒரே நோய்தான். அதற்குப் பெயர் உறுத்தல். "உங்கள் மெத்தையின் உறுத்தல் குறித்து மிகவும் வருந்துகிறோம்" என்று நான் எழுதாத நாளில்லை. எழுதிவிட்டு வீட்டுக்கு வந்து பாயில் படுக்கிறேன்.

முதலாளியம்மாவைப் பற்றி உனக்குச் சொல்லியிருக்கிறேன். ஒரு மெத்தை தைத்து முடிந்ததும் அவர் அதில் மல்லாந்து படுத்துக் கண்ணை மூடிக்கொள்வார். சுற்றி யாரும் பேசக்கூடாது. கொஞ்ச நேரத்தில் "இடது தோளுக்குக் கீழ உறுத்துது, பிரி" என்பார். பிரித்தால் நூல் முடிச்சோ, கட்டிதட்டிய பஞ்சோ இருக்கும். அந்த முதுகால்தான் கடை வளர்ந்தது. இப்போது அந்த முதுகில் தேய்மானம் வந்துவிட்டது. மருந்து போட்டால் வலி போகிறது, வலியோடு சேர்ந்து உணர்ச்சியும் போகிறதாம். அதனால் அடுத்த முதுகைத் தேடிக்கொண்டிருக்கிறார்.

அந்த முதுகு மருமகளுடையதாக இருக்க வேண்டும் என்பது அவருடைய முடிவு. ஊரில் எல்லா மாமியாரும் குறை சொல்லாத பெண் வேண்டும் என்பார்கள். இவருக்குக் குறை சொல்லத் தெரிந்தவள் வேண்டும். பெண்ணை வீட்டுக்கு அழைத்துச் சாப்பாடு போடுவார். பிறகு மாடியில் மெத்தைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, நடுவில் எங்கோ ஒரு காய்ந்த பட்டாணியை வைத்து, "கொஞ்சம் சாயும்மா" என்பார். எழுந்ததும் "எப்படி இருந்துச்சு?" போன முறை வந்த பெண் "சொர்க்கம் மாதிரி இருந்துச்சு ஆன்ட்டி" என்றாளாம். தாம்பூலப் பையோடு அனுப்பிவிட்டார்.

சின்ன வயதில் நீ சொன்ன கதை ஞாபகம் வருகிறதா? பட்டாணி உறுத்தித் தூக்கம் வராத ராஜகுமாரி. "வேலை வெட்டி இல்லாதவ, அதான் தூக்கம் வரல. நம்ம அம்மாவைப் படுக்க வை, பட்டாணி மூட்டை மேலயே தூங்குவா" என்று நீயே முடிவுரையும் சொல்வாய்.

முதலாளியம்மாவின் மகன் இருக்கிறாரே, அவருக்குப் பஞ்சு ஒத்துக்கொள்ளாது. மெத்தைக் கடைக்காரர் பிள்ளைக்குப் பஞ்சைக் கண்டால் தும்மல். எல்லோரும் முதுகுக்குப் பின்னால் "தும்மல்" என்றுதான் சொல்வார்கள். வேன் ஓட்டுவது, மாடிப்படியில் மெத்தை தூக்குவது, குறை வந்த வீட்டுக்குப் போய்ப் பார்ப்பது எல்லாம் அவர்தான். நான் கடிதம் எழுதுவேன், அவர் நேரில் போவார். அப்படித்தான் பேச்சு ஆரம்பித்தது. பேச்சு என்றால், அவர் பேசுவார், நான் "ம்" என்பேன்.

ஒரு பெரியவர் திரும்பத் திரும்ப மெத்தை உறுத்துகிறது என்று எழுதிக்கொண்டே இருந்தார். இரண்டு தடவை மாற்றிக் கொடுத்தாயிற்று. மூன்றாம் தடவை போனவர் மாலைவரை திரும்பவில்லை. வந்து என் மேசைக்கு முன்னால் நின்று, "மெத்தையில ஒண்ணும் இல்லைங்க. வீட்டுலதான் யாரும் இல்லை" என்றார். அவ்வளவு நேரமும் அந்தப் பெரியவரோடு உட்கார்ந்து பேசிவிட்டு வந்திருக்கிறார். அன்றைக்கு நான் "ம்" கூடச் சொல்லவில்லை. ஆனால் அன்றிலிருந்துதான், அக்கா.

நேற்று முதலாளியம்மா என்னைக் கூப்பிட்டு, "ஞாயித்துக்கிழமை அம்மாவைக் கூட்டிக்கிட்டு வீட்டுக்கு வா. சாப்பிட்டுத் தூங்கிட்டுப் போலாம்" என்றார். அதற்கு என்ன அர்த்தம் என்று ஆபீஸில் பெருக்குகிறவருக்குக்கூடத் தெரியும். சாயங்காலம் அவர் மகன் வந்து, குரலைத் தாழ்த்தி, "பட்டாணியை இடுப்புக்கு நேரா நானே தள்ளி வச்சுடறேன். இடுப்புல உறுத்துதுன்னு மட்டும் சொல்லிடுங்க, போதும்" என்றார். சொல்லிவிட்டு நான்கு தும்மல்.

நீ எனக்கு வாயில்லாப் பூச்சி என்று பெயர் வைத்தவள். ஹோட்டலில் தண்ணீரில் முடி கிடந்தாலும் ஓரமாக ஒதுக்கிவிட்டுக் குடிக்கிறவள் நான். நான் போய் ஒரு பெரிய மனுஷி முகத்துக்கு நேராக "உங்கள் மெத்தை உறுத்துகிறது" என்று சொல்ல வேண்டும், அதுவும் பொய்யாக.

வேறு ஒன்றும் இல்லை. இருக்கிறது, எழுத வரவில்லை. உடம்பைப் பார்த்துக்கொள். மேல் படுக்கையிலிருந்து இறங்கும்போது நிதானமாக இறங்கு.

உன்
பூச்சி

*

அன்புள்ள அக்காவுக்கு,

போன கடிதம் உன் கைக்கு வருவதற்கு முன்பே இதை எழுதுகிறேன். இரண்டும் ஒன்றாக வந்தால் அதை முதலில் படி.

போனோம். அம்மா சோபாவின் விளிம்பில், அதற்கு வலிக்கப்போகிறதோ என்பதுபோல உட்கார்ந்திருந்தாள். சாப்பாடு முடிந்தது. முதலாளியம்மா "கொஞ்சம் சாயும்மா" என்றதும் அம்மா பதறிப்போய், "ஐயோ, அவளுக்குப் பகல்ல தூங்குற பழக்கமே கிடையாதுங்க" என்றாள். அது உண்மை. ராத்திரியிலும் பெரிதாகப் பழக்கமில்லை.

மாடியில் மெத்தை அடுக்கு என் தோள் உயரம் இருந்தது. ஸ்டூல் போட்டு ஏறினேன். என் திட்டம் இதுதான்: தூங்கக்கூடாது. கண்ணை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் கிடந்துவிட்டு, எழுந்து, இடுப்பைத் தடவி, "இங்கே" என்று சொல்ல வேண்டும். மனசுக்குள் ஒத்திகைகூடப் பார்த்தேன். "இடுப்புல ஏதோ..." என்பதுவரை வந்தது ஞாபகம் இருக்கிறது.

அக்கா, மெத்தை என்றால் அப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது. இத்தனை காலம் அதைப் பற்றி எழுதியிருக்கிறேன், படுத்ததில்லை. யாரோ கையில் வாங்கிக்கொண்டதுபோல இருந்தது. அடித்துப் போட்டதுபோலத் தூங்கிவிட்டேன்.

நடந்ததை அம்மா பிறகு பஸ்ஸில் சொல்லித் திட்டினாள். எல்லோரும் டீ குடித்து முடித்தார்களாம். நான் எழவில்லை. குறட்டைச் சத்தம் கீழேவரை கேட்டதாம். "மானம் போச்சுடி. என்னமோ லாரி மேடு ஏறுற மாதிரி!" முதலாளியம்மாவின் மகன்தான் பாவம். என்னை எழுப்ப வழி தெரியாமல், மாடி வராந்தாவில் ஒரு பழைய தலையணையைக் கிழித்து, பஞ்சை முகர்ந்து முகர்ந்து தும்மியிருக்கிறார். வாழ்நாளெல்லாம் தும்மலை அடக்கப் பாடுபட்ட மனிதர் அன்றைக்கு வேண்டுமென்றே தும்மியிருக்கிறார். அண்டை வீட்டுக்காரர் ஜன்னலைச் சாத்தினாராம். எனக்கு ஒன்றும் கேட்கவில்லை.

கண் திறந்தபோது வெளியே வெயில் இறங்கியிருந்தது. எங்கே இருக்கிறேன் என்று தெரியவில்லை. முதலாளியம்மா ஸ்டூலில் தனியாக உட்கார்ந்திருந்தார். தாழ்ந்த குரலில், "ஏதாச்சும் உறுத்துச்சாம்மா?" என்று கேட்டார்.

அரைத் தூக்கம், அக்கா. அவர் மெத்தையைக் கேட்கிறார் என்பது எனக்கு உறைக்கவே இல்லை. மெத்தை என்ற ஒன்று உலகத்தில் இருப்பதே மறந்திருந்தது. "உறுத்துதும்மா" என்றேன்.

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "எங்க?" என்றார்.

"அக்கா" என்றேன்.

"என்னது?"

பிறகு என் வாய் நிற்கவில்லை. எனக்கு மூத்தவள் இருக்கிறாள் என்றேன். அவளுக்குக் கல்யாணம் என்ற பேச்சை எங்கள் வீட்டில் எடுத்தே நாளாயிற்று என்றேன். தையல் ஃபேக்டரியில் நின்றுகொண்டே வேலை, நிமிர்ந்து உட்கார முடியாத மேல் படுக்கையில் தூக்கம், ஜலதோஷம் என்றால்கூட எங்களுக்குச் சொல்லமாட்டாள் என்றேன். அவளை அங்கே விட்டுவிட்டு நான் இங்கே பஞ்சு மெத்தையில் கல்யாணப் பேச்சுக்கு வந்து படுத்திருக்கிறேன், உறுத்தாமல் என்ன செய்யும் என்று கேட்டேன். கேட்டே விட்டேன், அக்கா. முதலாளியிடம். பிறகு அழுகை வந்தது. அவருடைய புதுத் தலையணை உறையில் மூக்கைத் துடைத்தேன்.

அவர் எழுந்து, முதுகைப் பிடித்துக்கொண்டு, அடுக்குக்குள் கையை விட்டார். பட்டாணியை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். "நான் கேட்டது இதை" என்றார்.

"இது தெரியலம்மா" என்றேன்.

"ஒண்ணுமே தெரியலையா?"

"ஒண்ணுமே தெரியல. நல்லாத் தூங்கிட்டேன்."

இடுப்பு என்று சொல்ல வாய்ப்பு இருந்தது. அவர் மகன் வராந்தாவில் நின்று கைஜாடையில் இடுப்பைத் தொட்டுத் தொட்டுக் காட்டிக்கொண்டிருந்தார், பார்க்க டான்ஸ் மாதிரி இருந்தது. சொல்லத் தோன்றவில்லை. ஒரு மூட்டையை இறக்கிய பிறகு இன்னொன்றைத் தலையில் ஏற்றிக்கொள்ள மனம் வரவில்லை.

கீழே வந்து முதலாளியம்மா அம்மாவிடம் சொன்னது இது: "உங்க சின்னவளுக்கு முதுகு சுத்தமா உதவாது. கடைக்கு நான் வேற ஆளைத்தான் பார்க்கணும். வீட்டுக்கு இவ போதும். ஆனா பெரியவகிட்டக் கேக்காம நான் ஒரு வார்த்தையும் பேச மாட்டேன். கேளுங்க. போன்ல வேண்டாம், போன்ல எல்லாரும் சரி சரின்னுதான் சொல்லுவாங்க."

அம்மா உடனே, "அவகிட்டக் கேக்கவே வேண்டாங்க. அவ ஒண்ணும் சொல்ல மாட்டா, அவ தங்கம்" என்றாள்.

எனக்கு எங்கிருந்துதான் கோபம் வந்ததோ. தங்கம் தங்கம் என்று சொல்லியே உன்னை அடகு வைத்திருக்கிறோம், அக்கா. அதை அப்படியே சொல்லிவிட்டேன். திரும்பி வரும்போது அம்மா முதல் பஸ் முழுக்கத் திட்டினாள், இரண்டாவது பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அவளும் களைத்துப் போயிருக்கிறாள். அவளை மட்டும் குறை சொல்லி என்ன, நான் படித்ததும் உன் தையலில்தானே.

இப்போது நான் எழுத வேண்டியதை எழுதுகிறேன். எனக்கு அவரைப் பிடித்திருக்கிறது. "உனக்காக விட்டுவிடுகிறேன்" என்று எழுதினால் நல்ல தங்கையாகத் தெரிவேன். அது பொய். விட மனமில்லை. அவர் காத்திருப்பதாகச் சொன்னார். எவ்வளவு நாள் என்று நான் கேட்கவில்லை. "உங்க அக்கா வந்து என்னைத் திட்டுற வரைக்கும்" என்று அவராகவே சொன்னார்.

அதனால் நீ ஆசி எழுதி அனுப்ப வேண்டாம். "சந்தோஷம், நல்லா இரு" என்று நீ எழுதினால் அதைத் திருப்பி அனுப்பிவிடுவேன். இதைப் படிக்கும்போது உனக்கு வலித்ததா? வலித்திருந்தால் அதை எழுது. எனக்கு முன்னால் இவளுக்கா என்று ஒரு நிமிஷமாவது தோன்றியிருக்கும். தோன்றாவிட்டால் நீ மனுஷியே இல்லை. உனக்கும் அங்கே யாரையாவது பிடித்திருந்து எங்களுக்காக வாயை மூடிக்கொண்டிருந்தால் அதையும் எழுது. எனக்குக் கேட்க ஆசையாக இருக்கிறது.

முடிந்தால் எழுதாதே, வந்துவிடு. லீவு தரமாட்டார்கள் என்று நீயே முடிவு செய்யாதே, போய்க் கேள். கேட்டு இல்லை என்றால் இன்னொரு தடவை கேள். நீ வந்து, உன் வாயால் வேண்டும் வேண்டாம் என்று சொல்லாமல் இந்த வீட்டில் எந்தத் தேதியும் குறிக்கப்படாது. அம்மாவிடம் சொல்லிவிட்டேன். இன்று காலையில், நான் சொல்லாமலே, உன் போர்வையை எடுத்துத் துவைத்துக் கொடியில் போட்டிருக்கிறாள்.

வா, அக்கா.

உன்
பூச்சி