கல்யாணமான பொண்ணுக்கு வந்த வரன்

ஸ்ருதி அப்பா,

நான் சேவூர் அக்கா வீட்டுக்குப் போறேன். அடை சுட்டு மூடி வச்சிருக்கேன், பொழுது சாயறதுக்குள்ள சாப்பிட்டுடுங்க.

பொண்ணுக்குக் கல்யாணமாகி வருஷம் திரும்பிடுச்சு. வரன் பாக்குற ஆப்பை போன்லேர்ந்து அழிச்சிட்டாலே போதும்னு நீங்கதான் சத்தம் போட்டீங்க. அழிச்சா நிக்காதுங்க. மாசாமாசம் பணம் போய்க்கினே இருக்குது, அவ போட்டோவும் அதுலயே இருக்குது. பணம் அனுப்புற ஆப்புல ஆட்டோபேவைத் திறந்து, அந்தக் கம்பெனி பேரைத் தொட்டு கேன்சல் பண்ணுங்க. அப்புறம் அவங்களுக்கே போன் போட்டு பொண்ணு பேரை எடுக்கச் சொல்லுங்க.

காலையில யாருன்னே கேக்காம போன்ல "வாங்க, வாங்க"ன்னீங்களே, அவங்க அந்த ஆப்புல நம்ம பொண்ணு போட்டோவைப் பாத்த தெள்ளார் பையன் வீட்டுக்காரங்க. நாலு மணிக்குப் பொண்ணு பாக்க வராங்க. வேணாம்னு சொல்ல எனக்கு நாக்கு எழல. நீங்களே சொல்லிக்குங்க.

சந்திரகாந்தா

பையன் போட்டோ பாத்தேன். நல்லாத்தான் இருக்கான். மாப்பிள்ளைகிட்ட சொல்லிடாதீங்க.