கொப்பியில் காக்கா எழுதிய அர்த்தம்

என் உயிரான காக்கா,

உங்களை அடக்கிய கபுறடிக்கு நம் பெண்கள் வருவதில்லை. அதனால் உங்கள் தங்கச்சி நான், உங்களுக்கான ஸலாத்தை இந்தக் கடிதத்தில் சொல்கிறேன்.

உங்கள் போட்டோக்கொப்பிக் கடை பூட்டியே கிடக்கிறது. ஆட்கள் வீட்டுக்கு வருகிறார்கள். கல்முனையில் யாருக்கு இங்கிலீஷ் கடதாசி வந்தாலும், பிரதி எடுத்துக் கொடுத்து அர்த்தமும் சொல்லி அனுப்பினவர் நீங்கள்தானே.

இங்கிலீஷ் சொற்களை நீங்கள் எழுதிவைத்த கொப்பி என்னிடம் இருக்கிறது. சப்பாத்துக் கயிற்று நுனியில் உள்ள பிளாஸ்டிக் குப்பிக்கு ‘எக்லெட்’ என்று பெயராம். மழை விழுந்ததும் மண்ணில் எழும்பும் வாசம் ‘பெட்ரிகோர்’. எல்லாவற்றுக்கும் தமிழில் உச்சரிப்பு, பக்கத்தில் அர்த்தம். “இதையெல்லாம் ஆருக்கிட்டக் கதைக்கப் போறீங்க?” என்று சிரிப்பேன். “ஒரு நாளைக்கு ஆராவது கேப்பாங்க புள்ள” என்பீர்கள்.

நான்தான் கேட்டேன். ஆஸ்பத்திரியிலிருந்து உங்கள் றிப்போட்டை எடுத்துவந்து, வழக்கம்போல உங்களிடமே நீட்டினேன். நோயாளியின் கடதாசியை நோயாளியிடமே கொடுத்து அர்த்தம் கேட்கிற புத்தி நம் வீட்டுக்குத்தான் வரும்.

கண்ணாடியைப் போட்டீர்கள். “லையோமையோசார்கோமா.” எங்கேயும் தடுக்கவில்லை.

“அப்படியெண்டா?”

“சதையில சின்ன வீக்கம். டொக்டர் தந்த குளிச குடிச்சா வத்திரும்.”

“மெய்யாத்தானா காக்கா?”

“ஓம் ஓம். நீ போய்த் தேத்தண்ணி ஊத்து.”

நானும் போய் ஊற்றினேன். ஒரு தடவை உங்கள் முகத்தைப் பார்த்திருக்கக் கூடாதா நான்? அதன் பிறகு கிளினிக்குக்கு என்னை நீங்கள் கூட்டிப்போகவே இல்லை.

உங்களுக்கு நாற்பதாம் நாள் கத்தம் ஓதி முடிந்த பிறகு, அந்த றிப்போட்டைப் பார்த்து என் மகள் போனில் தேடினாள். “உம்மா, இது கென்சர்” என்றாள். நம்பாமல் கொப்பியைப் புரட்டினேன். கடைசிப் பக்கத்தில் அந்தச் சொல் இருந்தது. உச்சரிப்பு சரி. அர்த்தத்தில் ‘சின்ன வீக்கம், வற்றிவிடும்’ என்று உங்கள் கையெழுத்து. கொப்பி முழுக்கத் தேடினாலும் அந்த ஒன்றுதான் பொய். நான் திறந்து பார்த்துவிடுவேன் என்று பயந்தா எழுதினீர்கள்? தெரிந்திருந்தால் கொழும்புக்குக் கூட்டிப் போயிருப்பேனே. போயிருந்தால் தப்பியிருப்பீர்களா? அதுவும் எனக்குத் தெரியாது.

நேற்று அடுத்த வளவு வீட்டு ஜெசீமா தன் புருஷனின் றிப்போட்டோடு வந்தாள்.

“காக்காட தங்கச்சிதானே, என்னெண்டு பாத்துச் சொல்லுங்களன்.”

எழுத்துக்கூட்டிப் பார்த்தேன். வேறு சொல்தான். ஆனால் முடிவில் அதே ‘சார்கோமா’. அவள் முகத்தைப் பார்த்ததும், ‘சின்ன வீக்கம்’ என்பது என் வாய்வரைக்கும் வந்துவிட்டது காக்கா. நீங்கள் பட்ட பாடு அப்போதுதான் விளங்கியது.

“டொக்டரிட்டக் கேப்பம். நானும் வாறன்” என்றேன். அவள் அழத் தொடங்கிவிட்டாள். நான் செய்தது சரியா?

திங்கட்கிழமை அவளோடு போகிறேன். உங்கள் கொப்பியில் அந்த வரியைத் திருத்தமாட்டேன், அது அப்படியே இருக்கட்டும். ஆனால் ஜெசீமா அர்த்தம் கேட்டால், தேத்தண்ணி ஊற்றப் போகச் சொல்லமாட்டேன். இது உங்களுக்கு நான் தரும் வாக்கு.

நீங்கள் சொன்னதை அப்படியே நம்பிய,
உங்கள் தங்கச்சி