முத்திரையைத் திருப்பிக் கொடுத்தவர்

இன்று காலை, அகதி விசாரணை நடக்கும் அலுவலகத்தில், மெஷினில் கருகின கோப்பி மணம் மூக்கில் அடித்ததும் உன் ஞாபகம்தான் வந்தது. "இதைக் குடிக்கிறதைவிட வேப்பம்பட்டையை அவிச்சுக் குடிக்கலாமடி" என்பாய். நீ அங்கே மொழிபெயர்த்தவள். இப்போது அந்தக் கதிரையில் நான். இன்று அதில் இருக்க ஏலாமல், பத்து நிமிட இடைவேளை கேட்டு வெளியே வந்து நின்றேன்.

ஜெர்மனியில், எர்லாங்கன் நகரில் ஒரே வீட்டில் இருந்த காலத்தில், பகலில் பல்கலைக்கழகத்தில் நீ ஆராய்ந்தது பழைய இங்கிலாந்தின் ஓர் ஆயரை. "உனக்கு அந்த மேற்றிராணியார் என்ன, மாமன் முறையோ?" என்று நக்கலடிப்பேன். நீ விடமாட்டாய். குழம்பு ஆறும் வரைக்கும் கதை ஓடும். குடியானவனின் மகன், அரண்மனையில் எழுத்தனாகச் சேர்ந்தான். கடிதம் எழுதினான், பிரான்சுக்குத் தூது போனான், கடைசியில் அரசனின் ஆணைகளில் குத்துகிற பெரிய முத்திரையே அவன் கையில். சம்பளத்துக்குப் பதிலாக அரசன் ஆயர் பதவியைக் கொடுத்தான். கன வருசமாகத் தன் சொந்தக் கோயில் வாசலையே மிதிக்காத ஆயர்!

பிறகு போர் வந்தது. கோயில்களிடம் வரி பிடுங்கு என்றான் அரசன். முத்திரை ஆயரின் கையை விட்டுப் போனது. அரசன் பறித்தான் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். "இல்லையடி, அவர்தான் திருப்பிக் குடுத்தவர்" என்று உன் பேராசிரியரோடு மல்லுக்கு நின்றாய்.

அடுத்து முத்திரையை வாங்கினவன் இரண்டு மடங்கு வரி பிடுங்கினான் என்று பிறகு வாசித்தாய். அன்று அந்தப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டாய்.

ஏன் அவ்வளவு பிடிவாதம் என்று எனக்குத் தெரியும். அதற்கு முந்தின மாதம்தான், விசாரணை நடுவில் ஒருவர் உன் பக்கம் சரிந்து, "அக்கா, இதை மட்டும் அவையளுக்குச் சொல்லிப்போடாதேங்கோ" என்று தமிழில் சொன்னார். அறைக்குள் பேசின ஒவ்வொரு சொல்லையும் சொல்லியாக வேண்டும் என்பது எங்கள் தொழில் விதி. எங்கட சனத்துக்கு அது விளங்காது. தமிழ் கதைக்கிற முகத்தைக் கண்டால் சொந்தக்காரி என்று நினைத்துவிடுவார்கள். நீ சொல்லவுமில்லை, மறைக்கவுமில்லை. "என்னால் ஏலாது, வேறு ஆளைப் பாருங்கோ" என்று அதிகாரியிடம் சொல்லிவிட்டு எழும்பி வந்தாய். அதோடு அவர்கள் உன்னைக் கூப்பிடவேயில்லை.

எனக்கு உன்னில் கோபமடி, இன்றைக்கும். நோய் வந்து நீ கட்டிலில் கிடந்தபோது இதைக் கேட்க மனம் வரவில்லை, நீ செத்துப்போன பிறகு இப்போது கேட்கிறேன். உன் கை சுத்தம், சரி. அந்த மனிசன்? அடுத்த மொழிபெயர்ப்பாளர் வந்தார், அவரிடமும் மனிசன் அதையே கெஞ்ச, எல்லாம் சொன்னார், மனிசனைத் திருப்பி அனுப்பினார்கள்.

இன்று என் முன்னால் இருந்தவள் ஒரு பிள்ளைத்தாய்ச்சி. அதே மாதிரிச் சரிந்து, "இடையிலை இத்தாலியிலை இருந்தனான் அக்கா, சொல்லாதேங்கோ" என்றாள். ஐரோப்பாவில் முதலில் கால் வைத்த நாட்டில்தான் தஞ்சம் கேட்கவேண்டும் என்பது சட்டம்; அது தெரிந்தால் இத்தாலிக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள். உன்னைப் போல எழும்பிப் போக எவ்வளவு ஆசைப்பட்டேன் தெரியுமா!

பத்து நிமிடம் முடிய, திரும்பிப் போய்க் கதிரையில் இருந்தேன். அவளுக்கு விதியைச் சொல்லப்போகிறேன் என்று அதிகாரியிடம் சொல்லிவிட்டு அவளைப் பார்த்தேன். "பிள்ளை, நான் மறைக்க ஏலாது. அங்கையிருந்து ஏன் வந்தனீங்கள் எண்டதையும் சேர்த்துச் சொல்லுங்கோ. ஒரு சொல்லும் விடமாட்டன்." அவள் அழுதாள். பிறகு சொன்னாள்: வீட்டு வேலைக்கு வைத்திருந்தவன் அடித்த அடியை, பூட்டி வைத்த அறையை. இத்தாலியையும் சேர்த்து முழுவதையும் ஜெர்மன் மொழியில் சொன்னேன்.

முடிவு வரக் கன நாள் செல்லும். வெளியே படியில் அவள் நின்று கேட்டாள், "அக்கா, நீங்கள் எங்கட ஆளோ, அவையின்ர ஆளோ?"

படியிறங்க அவளுக்குக் கை கொடுத்தேன். ரயிலில் இருந்து இதை எழுதும்போதும் அவள் கேள்வி என்னை இருக்க விடுகுதில்லை. புதன்கிழமை வேறொருவருக்காகக் கூப்பிட்டிருக்கிறார்கள். போவேன். யாராவது என் பக்கம் சரியமுதல், விதியை நானே முதலில் சொல்லிவிடுவேன்.