அலைக்குளத்து நாற்காலி

ஏப்ரல் 28, திங்கள்

காலை ஏழு மணிக்கே வெயில் சுள்ளென்று. மகள் ஏஞ்சலுக்கு விடுமுறை, நாள் முழுக்க வீட்டில்தான். வாங்க வேண்டியவை: ரவை, துணி சோப்பு, விசிலுக்குப் புதுக் கயிறு.

நான் வேலை செய்யும் தண்ணீர்ப் பார்க்கில் நல்ல கூட்டம். அலைக்குளம் எட்டு முறை ஓடியது. புதிதாகப் பலகைச் சறுக்கும் திறந்துவிட்டார்கள். சரிவில் தண்ணீர் கீழிருந்து மேலே பாய்கிறது, பலகையில் ஏறி நின்றால் கடலலை மேல் நிற்பது மாதிரியாம். நின்றவர் ஒருவரையும் இதுவரை பார்க்கவில்லை. விழுகிறார்கள், விழுந்ததை வீடியோ எடுக்கிறார்கள். வரிசையில் ஒரு பெரியவர்: "கடலூருக்குப் போனா அலை அதுவா வருது. இங்க ஹூட்டர் அடிச்சாதான் வருது." அவரும் டிக்கெட் வாங்கித்தான் நின்றார்.

மாலை அன்பியக் கூட்டம், சவரிமுத்து அண்ணன் வீட்டில். எங்கள் பிளாக்கைச் சுற்றியுள்ள கத்தோலிக்கக் குடும்பங்கள் சேர்ந்து ஜெபம் சொல்வது. அண்ணன்தான் தலைவர், மைன்ஸில் கன்வேயர் பெல்ட் பார்த்து ரிட்டயர் ஆனவர். ஜெபமாலை முடிந்து சுண்டல். வருடாந்திரச் சுற்றுலாவுக்குப் போன தடவை பிச்சாவரம். இந்தத் தடவை பிள்ளைகள் எல்லாம் ஒரே குரலில் அலைக்குளம். மே 1 காலைப் பூசை முடிந்து நேரே வேன்.

அண்ணனின் மனைவி மேரி அண்ணி என் தோளில் கை போட்டுக்கொண்டு, "நம்ம ஜெசிந்தா அங்கதான டிக்கெட் கவுண்டர்ல இருக்குது. இதாண்ட சொல்லிட்டா வரிசையில நிக்க வேணாம்."

"பாக்குறேன் அண்ணி" என்றேன்.

நான் கவுண்டரில் இல்லை. ஒரு நாள்கூட இருந்ததில்லை. அலைக்குளத்தில் லைஃப் கார்டு, கரையில் உயர நாற்காலியில் உட்கார்ந்து காவல். முழங்கால் வரை நைலான் பேன்ட், உடம்போடு ஒட்டும் மஞ்சள் டி-ஷர்ட், விசில். வீட்டிலிருந்து சுடிதாரில் போய் அங்கே மாற்றிக்கொள்கிறேன். ஏழு மாதமாக. பொய்யை முதலில் சொல்லிக்கொடுத்தவர் ஆ. (என் வீட்டுக்காரர் ஆரோக்கியராஜ், மைன்ஸில் காண்ட்ராக்ட்). "யாராச்சும் கேட்டா கவுண்டர்னு சொல்லிடு" என்று ஒரே ஒரு முறை சொன்னார். நூறு முறை சொன்னது நான்.

ஏப்ரல் 30, புதன்

அனல் காற்று. மேனேஜரிடம் லீவு கேட்டேன். "மே ஒண்ணு அன்னிக்கி லீவா? விளையாடுறீங்களா?" பலகைச் சறுக்குப் பக்கமாவது மாற்றச் சொன்னேன். முடியாதாம். அங்கே நிற்பவர்கள் தனிப் பயிற்சி எடுத்தவர்கள்.

மேரி அண்ணியிடம் நாளைக்கு எனக்கு உள்ளே ஆபீஸ் வேலை, கவுண்டரில் தேட வேண்டாம் என்று போனில் சொல்லியாயிற்று. பொய் குட்டி போடுகிறது.

ஏஞ்சல் போக முடியாது. போனால் குளத்துக்குள் நின்று "அம்மா" என்று கை நீட்டுவாள். சளி பிடித்திருக்கிறது, தண்ணீர் ஆகாது என்றேன். "எனக்கு எங்கம்மா சளி? நீ அங்கதான வேலை செய்யற, எல்லாரும் போறாங்க, நான் மட்டும் ஏன்?" ஒரு மணி நேரம் அழுதாள். பத்து வயதுப் பெண்ணை அதட்டினேன்.

செல்வி அக்காவிடம் மட்டும் சொன்னேன். குளத்துக்கு எதிர்ப்பக்கம் நிற்கும் லைஃப் கார்டு, ஊர் காடாம்புலியூர். முன்பு முந்திரி உடைத்தவர், விரல் நுனி இன்னும் கறுப்பு. சிரித்தார். "முந்திரிப் பால்ல கை வெந்து போயி கெடந்தேன். தண்ணிக்குள்ள நிக்கிறதுல இன்னா கேவலம் ஜெசி? யாரு வூட்டுலயாவது திருடினியா?" சரிதான். அவருக்குச் சரி. அவரை யாரும் கோவில் வாசலில் மேலும் கீழும் பார்க்கப் போவதில்லை.

நாளைக்கு:
1. தொப்பி, புருவம் வரை இறக்கி.
2. கறுப்புக் கண்ணாடி.
3. முகத்துக்கு வெள்ளை கிரீம், அப்பி.
4. நாற்காலியை விட்டு இறங்கக் கூடாது.

மே 1, வியாழன்

கூட்டம் தாங்கவில்லை. மூன்று மணி அலையில் சவரிமுத்து அண்ணன் விழுந்துவிட்டார். வெயில் நேராகக் கண்ணில் அடித்ததால் கவனிக்கவில்லை. செல்வி அக்காவும் நானும் சேர்ந்து தூக்கினோம். உயிருக்கு ஒன்றுமில்லை, ஆஸ்பத்திரியில் ஒரு நாள் வைத்துப் பார்க்கிறார்கள். கடவுள் காப்பாற்றினார். மற்றது பிறகு.

மே 2, வெள்ளி

நேற்று எழுதியது பொய். யாரும் படிக்காத நோட்டில், எனக்கு நானே. மூன்று மணிக்கு வெயில் என் முதுகுப் பக்கம். கண்ணில் அடிக்க வழியே இல்லை.

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

அன்பியத்தில் இருபத்திரண்டு பேர். மேரி அண்ணி புடவையோடு கரையில், எல்லோருடைய பைகளையும் மடியில் வைத்துக்கொண்டு. அண்ணன் வேட்டியோடு வர, வாசலில் விடவில்லை. வாடகை நைலான் பேன்ட் கொடுத்திருந்தார்கள். பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரி கையைக் கட்டிக்கொண்டு இடுப்பளவுத் தண்ணீரில் நின்றார். என் நாற்காலிக்கு நேர் எதிரே, இருபதடி தூரத்தில். என் பக்கம் இரண்டு முறை பார்த்தார். அடையாளம் தெரியவில்லை. கிரீம் வேலை செய்கிறது என்று சந்தோஷப்பட்டேன்.

ஹூட்டர் அடித்தது. அலை வரப்போகிறதென்று எல்லோரும் கத்திக்கொண்டு ஆழத்துப் பக்கம் ஓடினார்கள். அண்ணன் மட்டும் திரும்பிக் கரைப் பக்கம் விறுவிறுவென்று நடந்தார். எனக்கு உடனே புரிந்தது. ஆ. சொல்வார்: மைன்ஸில் ஹூட்டர் அடித்தால் பெல்ட் ஓடப் போகிறது என்று அர்த்தம், விலகி நிற்க வேண்டும். உள்ளுக்குள் சிரிப்பு வந்தது. எதிரே ஓடி வந்த நான்கைந்து இளவட்டங்கள் அவரை இடித்துத் தள்ளிவிட்டுப் போனார்கள். மல்லாக்க விழுந்தார். முதல் அலை மேலே போனது. எழுந்திருக்கவில்லை. ஒரு முறை தலை, பிறகு கை மட்டும்.

பயிற்சியில் சொன்னது: பத்து எண்ணுவதற்குள் கண்டுபிடி, இருபது எண்ணுவதற்குள் போய்த் தொடு. ஒன்றிலேயே கண்டுபிடித்துவிட்டேன். பிறகும் எண்ணிக்கொண்டிருந்தேன். இடுப்பளவுதானே, எழுந்துவிடுவார் என்று எண்ணியதாக எழுத ஆசையாக இருக்கிறது. அதுவும் பொய். குதித்தால் தொப்பி போகும், கண்ணாடி போகும். நனைந்த துணியோடு மொத்த அன்பியத்தின் முன்னால் நிற்க வேண்டும். அதைத்தான் நினைத்தேன். நாற்காலிக் கையிலேயே சிவப்பு பட்டன், அழுத்தினால் அலை நிற்கும். கை கிட்டவே இருந்தது. அழுத்தவில்லை.

பதினான்கு.

எதிர்ப்பக்கத்திலிருந்து செல்வி அக்காவின் விசில். குதித்துவிட்டார். அதற்கப்புறம்தான் நான் இறங்கினேன். அவர் அக்குளில் கை கொடுத்து இழுத்து வர, நான் காலைப் பிடித்தேன். கரையில் போட்டுப் புரட்டியதும் தண்ணீரும் சோறுமாக வாந்தி. மூச்சு வந்தது. என் தொப்பி எங்கோ மிதந்துகொண்டிருந்தது.

"ஏ, இது நம்ம ஜெசிந்தாடி" என்று யாரோ.

மேரி அண்ணி என் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதார். "எம்புருசன தூக்கிக் குடுத்தியேம்மா, நீ நல்லா இருக்கணும்." என் டி-ஷர்ட்டையோ பேன்டையோ ஒருவர்கூடப் பார்க்கவில்லை. நான் இல்லை, இவர்தான் என்று கையைக் காட்டியிருக்கலாம். "பரவால்ல அண்ணி" என்றேன். செல்வி அக்கா இரண்டடி தள்ளி, தலையைச் சாய்த்துக் காதில் போன தண்ணீரைத் தட்டிக்கொண்டிருந்தார்.

கிணற்றில் நீந்திப் பழகியவள் நான். கம்மாபுரம் பக்கம் எங்கள் ஊரில் பம்ப்செட் மேட்டிலிருந்து குதிப்போம். தண்ணீருக்குப் பயமே கிடையாது. பயந்தது வேறு எதற்கோ என்று நினைக்கும்போது என் மூஞ்சியை நானே பார்க்கப் பிடிக்கவில்லை.

மே 4, ஞாயிறு

மேகம். மழை வரும் என்று ஏமாற்றியது. இட்லி மாவு புளித்துவிட்டது.

பூசை முடிந்ததும் மைக்கில் ஃபாதர் என் பெயரைக் கூப்பிட்டார். "நம் பங்குக் கோவிலின் வீரப்பெண்" என்றார். முன்னே போகச் சொல்லி ஆ. தள்ளினார். சவரிமுத்து அண்ணன் பொன்னாடை போர்த்தினார். கை தட்டல். போட்டோ. அண்ணன் இன்னும் இருமுகிறார்.

வாசலில் ஒருத்தி: "கவுண்டர்னு சொல்லிச்சு, இவ்ளோ தெறமைய வச்சிக்கினு." இன்னொருத்தி: "அடக்கம்டி." அடக்கமாம்.

ஏஞ்சல் தன் தோழிகளிடம், "எங்கம்மா லைஃப் கார்டு, தெரியுமா?" ஆ.வும் டீக்கடையில் ஷிப்ட் ஆட்களிடம் அதையே சொன்னதாகக் கேள்வி. வீட்டுக்கு வந்ததும் ஏஞ்சல் பொன்னாடையைப் போர்த்திக்கொண்டு கண்ணாடி முன்னால் நின்றாள். கழற்றடி என்று கத்தினேன். அழவில்லை. என்னைப் பார்த்தாள்.

பூசையில் நற்கருணை வாங்கப் போகவில்லை, மனதில் பாவம் வைத்துக்கொண்டு வாங்கக் கூடாது. ஏன் என்று ஆ. கேட்டார். கிளம்பும்போது காபி குடித்துவிட்டேன், வெறும் வயிறாக இல்லை என்றேன். இதோடு எத்தனையாவது பொய்?

மே 5, திங்கள்

செல்வி அக்காவுக்கு மெமோ. தன் இடத்தை விட்டு அடுத்தவர் பகுதிக்குப் போனதற்கு. அவர் பக்கத்தில் அப்போது நாற்பது குழந்தைகள் ஆளில்லாமல் இருந்தார்களாம். எனக்குப் பாராட்டு, நோட்டீஸ் போர்டில் படம்.

மேனேஜர் அறைக்குப் போனேன். நாற்காலி முதுகைப் பிடித்துக்கொண்டு சொன்னேன்: அவரை முதலில் பார்த்தது நான், இறங்காதது நான், செல்வி அக்கா குதிக்காவிட்டால் அண்ணன் இல்லை.

கேட்டுக்கொண்டே போனைப் பார்த்தார். "ரிப்போர்ட் மேல போயிடுச்சும்மா. உங்களுக்கும் நல்ல பேரு, பார்க்குக்கும் நல்ல பேரு. இத இனி யாராண்டயும் பேசாதீங்க." மெமோ? "அது ஒரு பேப்பருதான. விடுங்க."

சாப்பாட்டு நேரத்தில் செல்வி அக்காவிடம் போய் உட்கார்ந்தேன். மன்னிப்பு கேட்கத்தான். நான் ஆரம்பிக்கும் முன் அவர்தான் பேசினார், எலுமிச்சை சோற்றைப் பிசைந்துகொண்டே.

"நான் ஒன்னியத்தான் பாத்துக்கினு இருந்தேன் ஜெசி. ஒன் எடமாச்சே. இப்ப எறங்குவ, இப்ப எறங்குவன்னு. அதுலதான் எனக்கும் லேட்டாப் போச்சு."

கோபமே இல்லாமல் சொன்னார். பிறகு பாதி அப்பளம் என் டப்பாவில் வைத்தார். சாப்பிட்டேன். எப்படிச் சாப்பிட்டேனோ.

அப்படியென்றால் அந்தப் பதினான்கில் அவர் தாமதித்ததும் என் கணக்கில்தான்.

மே 6, செவ்வாய்

மதியம் ஷிப்ட் மாறி வந்த ஆ.விடம் சொன்னேன், எல்லாவற்றையும். சட்டையைக் கழற்றாமலே உட்கார்ந்துவிட்டார். "இன்னாத்துக்கு இப்ப போயி சொல்லணும்? புள்ளைய நெனச்சியா? நாளைக்கி அதுதான் தெருவுல நடக்கணும்." நினைத்தேன். அதை நினைத்துத்தான் ஐந்து நாள் ஓடிவிட்டது. "நான் வரல" என்றார். சரி.

ஐந்து மணிக்கு அண்ணன் வீடு. ஏஞ்சல் கூடவே வந்துவிட்டாள், வாசலில் அவர்கள் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளோடு விளையாட்டு. அண்ணன் பனியனோடு ஈசி சேரில். மாத்திரைப் பட்டை, வெந்நீர் ஃபிளாஸ்க். மேரி அண்ணி காபி கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். முறுக்குத் தட்டு.

அண்ணன்தான் ஆரம்பித்தார். "கூட்டத்துல எல்லாரும் சிரிக்கிறாங்கம்மா, அலைய பாக்கப் போயி திரும்பி ஓடினவன்னு. முப்பத்தொரு வருசம். ஹூட்டர் அடிச்சா காலு தானா வெலகுது, நான் இன்னா செய்ய?" சிரித்தார், இருமினார். "முங்கி ஒரு தரம் தல வெளிய வந்துச்சு பாரு. நேரா ஒன் நாற்காலிதான் தெரிஞ்சுது. என்னத்தான் பாத்துக்கினு இருக்கிற மாதிரி இருந்துச்சு. இவளாண்ட சொன்னேன்."

மேரி அண்ணி அவசரமாக, "அத்தினி கூட்டத்துல இதுக்கு எங்க தெரிஞ்சிருக்கும்? சும்மா அதையே பேசிக்கினு."

"அதான், தெரிஞ்சிருக்காது" என்றார் அண்ணன். என் முகத்தைப் பார்த்தார். கேள்வி மாதிரி இல்லை. ஆனாலும் காத்திருந்தார்.

தெரியவில்லை அண்ணே என்ற இரண்டு வார்த்தை. மூன்று பேருக்கும் நிம்மதி. அதைத்தான் சொல்லச் சொல்லித் தட்டில் வைத்து நீட்டினார்கள்.

"தெரிஞ்சுதுண்ணே" என்றேன். "விழுந்ததிலருந்தே பாத்துக்கினுதான் இருந்தேன். நீங்கன்னும் தெரியும். எறங்கினா என்ன நீங்கல்லாம் இந்த வேலையில பாத்துடுவீங்கன்னு ஒக்காந்துட்டேன். குதிச்சது செல்வின்னு ஒரு அக்கா. காடாம்புலியூரு. நான் அப்புறந்தான் வந்தேன்."

வாசலில் பிள்ளைகள் சத்தம், அதில் ஏஞ்சல் குரல் எல்லோரையும் விட உரக்க.

அண்ணன் மாத்திரைப் பட்டையை எடுத்தார், திருப்பிப் பார்த்தார், வைத்தார். "சரிம்மா" என்றார்.

மேரி அண்ணி எழுந்து என் கையிலிருந்த டம்ளரைப் பிடித்தார். பாதிக்கு மேல் இருந்தது. "ஆறிடுச்சு" என்று வாங்கிக்கொண்டு உள்ளே போனார். காபி சூடாகத்தான் இருந்தது.