செத்த கம்பிக்குக் காவல்

1866 ஏப்ரல் 9, திங்கள்

மழை. வெளிச்சம் அசையவில்லை.

ஏப்ரல் 12

புதிதாக வந்திருக்கும் பாதிரியார் எங்கள் கடலடித் தந்தி நிலையத்தைப் பார்க்க வந்தார். பார்க்க என்ன இருக்கிறது? ஒரு இருட்டறை. ஒரு அளவுகோல், அதன்மேல் நகத்தளவு வெளிச்சம். எதிரே நானும் கிரிஃபினும். அமெரிக்காவிலிருந்து செய்தி வந்தால் இந்த வெளிச்சம் இடமும் வலமுமாக அசையும், அந்த அசைவை எழுத்துகளாகப் படிப்போம் என்று விளக்கினேன். கம்பி அமெரிக்கா வரைக்கும் போகிறதா என்றார். பாதிவழிதான் போகிறது, போன ஆகஸ்டில் பெரிய கப்பல் அதை இறக்கிக்கொண்டிருக்கும்போதே அறுந்து நடுக்கடலில் விழுந்துவிட்டது என்றேன்.

"அப்ப எதைப்பா பாத்துட்டிருக்கீங்க?"

"பொணத்துக்கு மூச்சு வருதான்னு பாக்கறோம், ஃபாதர்" என்றான் கிரிஃபின்.

பாதிரியார் சிலுவை போட்டுக்கொண்டார். நம் பக்கத்துப் பாதி கெடாமல் இருக்கிறது, என்றைக்காவது முனையைத் தூக்கி மீதியை ஒட்டலாம், அதுவரை காவல் இருக்க வேண்டும் என்று நான் சொன்னது அவர் காதில் ஏறவில்லை.

ஏப்ரல் 15

என் மனைவி கோப்னெட்டின் அண்ணன் பாஸ்டனிலிருந்து மறுபடி எழுதியிருக்கிறான். அவன் வேலை செய்யும் ரயில் நிலையத்துத் தந்தி அறையில் எனக்கு ஓர் இடம் பிடித்து வைத்திருக்கிறானாம். நாங்கள் வருகிறோமா இல்லையா என்று செப்டம்பர் கடைசியில் வரும் மிக்கேல் திருநாளுக்குள் இங்கிருந்து சொல்லி அனுப்பிவிட வேண்டும். கோப்னெட் கடிதத்தை என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். மார்ச்சில் முதல் கடிதம் வந்தபோதே கேட்டாள். யோசிக்கிறேன் என்றேன். இன்றும் அதையே சொன்னேன்.

ஏப்ரல் 23

படகுத்துறையில் கல்லுடைக்கிறவர்கள் நின்றிருந்தார்கள். "மொர்ட்டி, மீனுங்க என்னய்யா சொல்லுது? கானாங்கெளுத்தி வரப்போகுதா?" சிரித்துவிட்டு வந்தேன். சிரிக்காவிட்டால் இன்னும் இரண்டு நாள் நடக்கும்.

பிப்ரவரியில் நடந்ததை இதுவரை இங்கே எழுதவில்லை. எழுதித் தொலைக்கிறேன். ஒரு மாலை வெளிச்சம் அலைய ஆரம்பித்தது. பூமிக்குள் ஓடும் மின்சாரம் அவ்வப்போது அப்படிச் செய்யும், எங்களுக்குத் தெரிந்ததுதான். ஆனால் ஆறு மாதம் ஒரே புள்ளியை முறைத்தவன் கண் வேறு மாதிரி. நான் அதில் எழுத்துகளைப் பார்த்தேன். ஒரு முழுச் சொல்லைப் படித்தேன். மேலதிகாரி பிரெண்டர்காஸ்ட் என்னை நம்பி லண்டனுக்குத் தந்தி அடித்தார். மறுநாள் பதில் வந்தது. கம்பி போடும் பெரிய கப்பல் இங்கே ஆற்றில் நங்கூரம் போட்டு நிற்கிறது, உங்களுக்குச் செய்தி அனுப்புவது மீன்களா என்று கேட்டிருந்தார்கள்.

அன்றிலிருந்து ஒரு விதி. வெளிச்சம் அசைந்தால் இரண்டு பேரும் தனித்தனித் தாளில் எழுதி, ஒத்துப்போனால் மேலதிகாரியை அழைத்து, அவர் சொன்ன பிறகே பதில் அனுப்பும் தந்திச் சாவியைத் தொட வேண்டும். விதி எங்கள் இருவருக்கும் பொது என்று பிரெண்டர்காஸ்ட் சொன்னார். சொல்லும்போது என்னைத்தான் பார்த்தார்.

மே 20

அசையவில்லை. கிரிஃபினின் பசு சினையாக இருக்கிறது. அதைப் பற்றி நாளெல்லாம் பேசினான்.

ஜூன் 24

இன்று கோப்னெட் கேட்கவில்லை. அது கேட்பதைவிட மோசமாக இருக்கிறது.

ஜூலை 28

பெரிய கப்பல் இந்த வருஷம் இறக்கிய புதுக் கம்பி நேற்று அக்கரையைத் தொட்டுவிட்டது. இந்த முறை அறுபடவில்லை. மலையெல்லாம் தீ மூட்டிக் கொண்டாட்டம். புதுக் கம்பி அறையில் நிற்க இடமில்லை. லண்டன், நியூயார்க், பருத்தி விலை, ராஜாங்கச் செய்தி என்று ஒரே ஓட்டம். நாங்கள் இருவரும் பழைய மேசையில்.

"கல்யாண வீட்டுல நம்மள மட்டும் கல்லறைக்குக் காவல் போட்டுட்டாங்க" என்றான் கிரிஃபின்.

ஆகஸ்ட் 19

பெரிய கப்பல் பழைய கம்பியைத் தேடி நடுக்கடலுக்குத் திரும்பிப் போயிருக்கிறது. கிணற்றில் விழுந்த வாளியைப் பாதாளக்கரண்டி போட்டுத் தேடுவது போலத்தான். கிணறுதான் இரண்டு மைல் ஆழம். கொக்கியில் மாட்டினாலும் இழுக்கும்போது அறுகிறதாம், நழுவுகிறதாம். கப்பலில் இருப்பவர்களுக்கும் பைத்தியம் பிடித்திருக்க வேண்டும். எனக்குத் துணை உண்டு என்று தெரிவதில் கொஞ்சம் ஆறுதல்.

ஆகஸ்ட் 26, ஞாயிறு

பூசை முடிந்து வரும் வழியில் கோப்னெட் கேட்டுவிட்டாள். இந்தக் கம்பி விவகாரம் முடியட்டும் என்றேன்.

"அது செத்து ஒரு வருஷம் ஆச்சு மொர்ட்டி. நீதான் இன்னும் அடக்கம் பண்ணாம வச்சிருக்க."

உண்மை என்ன? போக எனக்கு விருப்பம் இல்லாமல் இல்லை. மீன்காரன் என்ற பேரோடு கப்பலேற முடியவில்லை, அவ்வளவுதான். அங்கே யாருக்குத் தெரியும் என்று கேட்டால்... எனக்குத் தெரியுமே. இதை அவளிடம் சொல்லியிருக்கலாம். இங்கே எழுதுகிறேன்.

செப்டம்பர் 2, ஞாயிறு

நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன்.

விடிந்து கொஞ்ச நேரம். கிரிஃபினின் பசு ராத்திரி கன்று போட்டுவிட்டது. ஒரு நடை பார்த்துவிட்டு வருகிறேன் என்று மலைக்குப் போயிருந்தான். நான் தனியாக இருந்தேன். வெளிச்சம் நடுங்கியது. முதலில் நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பிப்ரவரி போதும் என்று.

திரும்பிப் பார்த்தபோதும் அசைந்துகொண்டிருந்தது. அலையவில்லை. அளந்து அடி வைத்தது. இடம், நிறுத்தம், வலம், வலம், நிறுத்தம். எங்கள் நிலையத்தின் அழைப்பு. மறுபடி அதே அழைப்பு. தாளில் எழுதினேன். இன்னொரு தாள் காலியாகக் கிடந்தது.

விதிப்படி கிரிஃபின் வர வேண்டும். வாசலுக்குப் போய்க் கத்தினேன், காற்றுதான் வந்தது. பிரெண்டர்காஸ்டின் வீடு ஊருக்குள். ஓடிப்போய் அழைத்து வரலாம். அதுவரை? கப்பலில் கம்பி முனையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். கரையிலிருந்து பதில் இல்லையென்றால் நம் பக்கமும் செத்துவிட்டது என்றுதானே நினைப்பார்கள்? விட்டுவிடுவார்கள். திரும்ப யார் பிடிப்பது? இது மீன்தான் என்றால் நாளைக்கு எனக்கு வேலை இல்லை. ஊர் முழுக்கச் சிரிக்கும். கோப்னெட்டும் சிரிப்பாளோ என்னவோ.

அப்போது வெளிச்சம் நின்றது. நடுவில், அப்படியே. அழைத்துவிட்டு, நின்றது. பூமிக்குள் ஓடும் மின்சாரம் யாருக்காகவும் நிற்காது. கேட்டுவிட்டுக் காத்திருப்பது மனிதன் மட்டும்தான்.

சாவியை அழுத்தினேன். புரிந்தது என்று அனுப்பினேன்.

ஒரு மூச்சு விடும் நேரம் ஒன்றுமில்லை. பிறகு வெளிச்சம் துள்ளியது. அந்தப் பக்கம் சாவியைப் பிடித்திருந்தவனுக்கும் பொறுமை இல்லை. எழுத்துகளெல்லாம் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டு வந்தன. கம்பியைத் தூக்கிவிட்டோம், மீதியை இப்போதே ஒட்டுகிறோம் என்றான்.

கிரிஃபின் சாணிக் காலோடு உள்ளே வந்து என் முகத்தைப் பார்த்தான், அளவுகோலைப் பார்த்தான், இரண்டாவது தாளை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தான். நான் அழுதேன். அவன் பார்க்காத மாதிரி எழுதிக்கொண்டிருந்தான்.

செப்டம்பர் 3

விதியை மீறியதற்குப் பிரெண்டர்காஸ்ட் என்னை நிற்கவைத்துத் திட்டினார். திட்டி முடித்துவிட்டு என் கையைப் பிடித்துக் குலுக்கினார், விடவே இல்லை. நிரந்தர வேலையும் புது நிலையத்துக்குப் பக்கத்தில் வீடும் தருகிறார்களாம். படகுத்துறையில் கல்லுடைக்கிறவர்கள் தொப்பியைக் கழற்றினார்கள். ஒருவன் மட்டும், "அப்ப மீனுங்க நெசமாவே பேசுமா?" என்றான். அவனை எனக்குப் பிடித்திருந்தது.

செப்டம்பர் 4

வீடு தருவதைக் கோப்னெட்டிடம் சொன்னேன். பின்பக்கம் தோட்டம் உண்டு என்றேன். அவள் மோர்க் குவளையை என் முன்னால் வைத்தாள். கோபமில்லாத குரலில்தான் சொன்னாள்:

"கடல் நடுவுல எவனோ கேட்டான். நீ யாரையும் கேக்காம, வேலை போனா போகட்டும்னு அந்த நிமிஷமே பதில் சொன்ன. ஊரே பேசுது, எனக்கும் பெருமைதான். நான் மார்ச்சுலேர்ந்து கேட்டுட்டு நிக்கறேன் மொர்ட்டி."

மோர் குடித்தேன். வேறென்ன செய்வது?

செப்டம்பர் 5

வெளிச்சம் நடுவில் நின்று காத்திருந்தது கண்ணை விட்டுப் போகவில்லை. அதைப் படிக்கத் தெரிந்தது. ஒரே வீட்டில் இருந்துகொண்டு இவள் காத்து நின்றதைப் படிக்கவில்லை.

செப்டம்பர் 9

பழைய கம்பியும் நேற்று அக்கரை சேர்ந்தது. இப்போது இரண்டு கம்பி ஓடுகிறது.

செப்டம்பர் 13

செய்தி இல்லாத வேளைகளில் நாங்களும் அக்கரைக்காரர்களும் பேசிக்கொள்வது உண்டு. வானிலை கேட்போம், சாப்பாடு கேட்போம். கம்பி நன்றாக இருக்கிறதா என்று சோதிப்பதாகக் கணக்கு. இன்று பழைய கம்பியில் நான் சோதித்தது ஒரு பேர், ஒரு பாஸ்டன் முகவரி, பிறகு ஒரே சொல். "வருகிறோம்." அங்கிருந்து தபாலில் போட்டுவிடுகிறேன் என்றான் அந்தப் பக்கத்து ஆள். கிரிஃபின் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். கோப்னெட் நம்பவில்லை. "இதுவும் பிப்ரவரி மாதிரியா?" என்றாள்.

அக்டோபர் 8

அவள் அண்ணனின் கடிதம் வந்தது. சொன்ன நாளுக்கு முன்னாலேயே எங்கள் பதில் கிடைத்துவிட்டதாம், இடம் உறுதியாம். கோப்னெட் நின்றபடி இரண்டு தரம் படித்தாள். பிறகு கோழிகளை யாருக்குக் கொடுப்பது என்று பேச ஆரம்பித்தாள். இருட்டும் வரை பேசினாள். இவ்வளவு பேசுவாள் என்பதே எனக்கு மறந்திருந்தது.

அக்டோபர் 15

பிரெண்டர்காஸ்டுக்கு விளங்கவே இல்லை. "வேலை நெலையானதும் போறேங்கறீங்க?" ஆமாம் ஐயா என்றேன். என் நாற்காலியில் இனி கிரிஃபின். கன்றுக்குட்டிக்கு என் பேரை வைத்திருக்கிறான். அது பெண் கன்று, மொர்ட்டி என்று கூப்பிடுவது முறையா என்று கேட்டேன். கூப்பிட்டால் உன்னை மாதிரியே திரும்பாது, அது போதும் என்றான்.

அக்டோபர் 28, கப்பலில்

கரை மறைந்து ஒரு பகல் ஆகிறது. மேல்தளத்தில் வெயில்; கண் கூசுகிறது. இருட்டறைக்குப் பழகிய கண்.

கம்பியைப் பற்றி இத்தனை நாளில் முதல் தடவையாகக் கோப்னெட் ஒரு கேள்வி கேட்டாள். தளத்தின் கைப்பிடியில் சாய்ந்து தண்ணீரைப் பார்த்துக்கொண்டு, "இப்ப அது நமக்குக் கீழயா இருக்கு?"

தெரியாது என்றேன். உடனே பதில் சொன்னேன்.